தோட்டத்து மனை: பங்காளிகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பங்காளிகளுக்கு,

கோலாலம்பூர் ஆச்சிக்கும், சிங்கப்பூர்த் தம்பிகள் இருவருக்கும், மும்பை அண்ணனுக்கும், சென்னையில் மூலைக்கொன்றாக இருக்கும் ஒன்பது குடும்பப் புள்ளிகளுக்கும், முகவரி மாறியும் சொல்லாமல் இருக்கும் மற்றவர்களுக்கும் வணக்கம். இங்கே எல்லோரும் நலம். வீடுதான் கொஞ்சம் சரியில்லை. அதை அப்புறம் சொல்கிறேன்.

தோட்டத்து மனையைக் குடிசைப் பகுதி ஆக்கும் நோட்டீஸை எதிர்க்கும் மனுவில் நான் ஏன் கையெழுத்துப் போடவில்லை என்பதை முதலில் நம் வாட்ஸப் குழுவில்தான் போட்டேன். ஐந்து நிமிஷத்தில் ஒரு பிறந்தநாள் கேக் வந்தது, அதற்குப் பதினெட்டுக் கைகூப்பு, பிறகு முட்டிவலிக்கு ஒரு கஷாயம். என் செய்தி எங்கோ அடியில் போய்விட்டது. அதனால் ஊரறிய எழுதுகிறேன். தோட்டத்து மனையில் குடியிருப்பவர்களும் படிக்கட்டும். இதே மாதிரி நோட்டீஸ் நாளைக்கு வேறு வீட்டுக் கதவிலும் ஏறலாம். அந்த வீட்டுக்காரர்களும் படிக்கட்டும்.

நடந்தது இதுதான். போன மாதம் ஒரு மத்தியானம் இரண்டு பேர் பைக்கில் வந்து, நம் முகப்புத் தேக்குக் கதவில் பசையைத் தடவி ஒரு தாளை ஒட்டிவிட்டுப் போனார்கள். நான் உள்ளே மோர்ச்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். கை கழுவிவிட்டு வருவதற்குள் ஆளைக் காணோம். ஊருணிக்குக் கீழ்ப்புறம் நம் கூட்டுப் பட்டாவில் இருக்கும் தோட்டத்து மனையை, 1971ஆம் வருஷத்துத் தமிழ்நாடு குடிசைப் பகுதிச் சட்டத்தின் கீழ் குடிசைப் பகுதியாக அறிவிக்க உத்தேசமாம். ஆட்சேபம் இருந்தால் நேரில் வந்து சொல்லலாமாம். வருகிற 23ஆம் தேதி, காலை 11 மணி.

அந்தத் தாளைப் படம் எடுத்து அனுப்பிய அன்றுதான் குழுவுக்கே உயிர் வந்தது. நாலு வருஷமாக, முன்னோருக்குச் செய்யும் படைப்புக்குக்கூட எட்டிப் பார்க்காதவர்கள் ‘ரிட் போடு’, ‘ஸ்டே வாங்கு’ என்று ராத்திரி ஒரு மணிக்குத் தட்டினார்கள். நடுமுற்றமான வளவின் தாழ்வாரத்து ஓடு மாற்ற நான் மூன்று வருஷமாகக் கேட்கும் பணம் இன்னும் வரவில்லை. ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் வாதாட வக்கீலுக்கு ஒரே ராத்திரியில் இரண்டு லட்சம் சேர்ந்துவிட்டது. சந்தோஷம்.

அந்த ரிட் மனுவில் நான் கையெழுத்துப் போடப் போவதில்லை. உள்ளூரில் இருக்கிற ஒரே பங்காளி நான்தான். என் கையெழுத்து இல்லாமல் மனு போனால் எதிர்த்தரப்பு முதலில் கேட்கும் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும். அதனால் காரணத்தைச் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

மனுவின் நகலை இரண்டு முறை படித்தேன். எங்களைக் கேட்காமல் அறிவிக்கப் பார்க்கிறார்கள் என்கிறது ஓர் இடத்தில். கேட்கத்தானே 23ஆம் தேதி கூப்பிட்டிருக்கிறார்கள்! இப்படிக் கூப்பிடுவதே லேசில் கிடைத்த உரிமை இல்லை. மைசூர் மாநிலத்தின் 1958ஆம் வருஷத்துக் குடிசைப் பகுதிச் சட்டம் சொந்தக்காரரைக் கேட்பது பற்றி வாயே திறக்கவில்லை. ஜே.வி. பட் என்பவரின் வழக்கு சுப்ரீம் கோர்ட் வரை போய், சட்டத்தில் எழுதியிருக்காவிட்டாலும் அறிவிப்பதற்கு முன்னால் பாதிக்கப்படுகிறவரைக் கேட்டே ஆக வேண்டும் என்று முடிவானது. 1975 தீர்ப்புத் தொகுப்பில் இருக்கிறது. நம் வக்கீல் அதைச் சரியாகவே எடுத்துக் காட்டியிருக்கிறார்.

அவர் காட்டாமல் விட்டது, அதே கர்நாடகத்திலிருந்து போன 1991 தீர்ப்பு. குடிசைப் பகுதி என்று அறிவித்துவிட்டு, பின்னால் அந்த அறிவிப்பை அரசே மாற்றியது. அங்கே குடியிருந்தவர்களின் சங்கம், எங்களை ஏன் கேட்கவில்லை என்று வழக்குக்குப் போனது. அவர்களையும் கேட்டிருக்க வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. நம் வீடு மாதிரிதான் இந்தச் சட்டமும். முன் தெருவில் ஒரு வாசல், பின் தெருவில் ஒரு வாசல். நாம் முகப்பிலேயே நின்றுகொண்டு வீடு இவ்வளவுதான் என்கிறோம்.

அடுத்து, தோட்டத்து மனையில் இருப்பவர்கள் ‘சமீப காலத்து ஆக்கிரமிப்பாளர்கள்’ என்று ஒரு வரி. இதைப் படித்தபோது எனக்குக் கொஞ்சம் கூச்சமாக இருந்தது.

ஐயாவின் பேரேடுகளைப் போன வாரம் எடுத்துப் பார்த்தேன். கரையான் தின்றது போக மிச்சம் இருப்பதில் கர வருஷத்து ஏடு, அதாவது 1951-52, ஏறக்குறைய முழுசாக இருக்கிறது. கணக்குப்பிள்ளை கையெழுத்து எறும்பு ஊர்ந்த மாதிரி இருக்கும், நினைவிருக்கும். ‘தோட்டத்து மனை தரை வாடகை வரவு’ என்று தலைப்பு. கீழே கொத்தனார் வீடு, வண்டிக்காரர் வீடு, ஆசாரி வீடு, சமையல்காரர் வீடு இரண்டு என்று போகிறது. ஒவ்வொன்றுக்கும் எதிரில் மாதம் நாலணா. மொத்தம் பதினோரு வீடு. பர்மாவிலிருந்து எல்லாவற்றையும் விட்டுவிட்டுத் திரும்பிய ஐயா, வீட்டு வேலைக்கும் தோட்டத்துக்கும் ஆள் வேண்டுமென்று தானே கூப்பிட்டு, தரையைக் காட்டி, கட்டிக்கொள்ளச் சொன்ன வீடுகள் அவை. ஐயா காலமான பிறகு வாடகை வசூலிக்க யாரும் போகவில்லை. அந்த நாலணாவுக்காக யார் வெயிலில் நடப்பது? பதினொன்று இன்றைக்கு நாற்பத்தொன்று ஆகியிருக்கிறது. நம் ஆறு புள்ளி இன்றைக்கு எத்தனை ஆகியிருக்கிறதோ, அதே கணக்குதான்.

சட்டத்துக்கு வருகிறேன். வாடகை வாங்கினோம் என்றால் அவர்கள் ஆக்கிரமிப்பாளர் இல்லை, குத்தகைதாரர். 1921ஆம் வருஷத்து நகரக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. தரையை மட்டும் வாடகைக்கு எடுத்துத் தன் செலவில் வீடு கட்டியவர்மேல் வெளியேற்ற வழக்குப் போட்டால், கோர்ட் நிர்ணயிக்கும் விலைக்கு அந்தத் தரையைத் தனக்கே விற்கச் சொல்லிக் கேட்க அது வழி வைத்திருக்கிறது. நம் ஊருக்கும் இந்தக் குத்தகைக்கும் அது எட்டுமா என்று இரண்டு பக்கத்து வக்கீல்களும் வருஷக்கணக்கில் பேசலாம். சரி, வாடகையே வாங்கவில்லை, நம் அனுமதியும் இல்லை என்று சாதிக்கலாம். அப்படியானால் தனியார் நிலத்தில் 12 வருஷத்துக்கு மேல் எதிரிடை அனுபவம், அதாவது இத்தனை காலம் இருந்ததாலேயே நிலம் எங்களுடையது, என்று அவர்கள் கிளம்புவார்கள். அதை முறியடிக்க நம்மிடம் இருக்கும் ஒரே சாட்சியம் இந்தப் பேரேடுதான். காட்டினால் குத்தகை நிரூபணம் ஆகிவிடும். நம் அண்ணாநகர் வக்கீல் மருமகனிடம் இதைக் கேட்டேன். ‘மாமா, பேரேடு பற்றி வெளியே பேச வேண்டாம்’ என்றார். இப்போது பேசிவிட்டேன்.

அவரேதான் 2000ஆம் வருஷத்து டெல்லி வழக்கிலிருந்து ஒரு வரியைக் குழுவில் போட்டார்: பொது நிலத்தை ஆக்கிரமித்தவருக்கு இலவச மாற்று மனை கொடுப்பது பிக்பாக்கெட் அடித்தவருக்குப் பரிசு கொடுப்பது போல. சுப்ரீம் கோர்ட் சொன்னது உண்மைதான். அது டெல்லியின் பொது நிலத்தைப் பற்றியது. இங்கே நம் ஐயாவே கூப்பிட்டு உட்கார வைத்தார்.

இனி மனுவின் 14ஆவது பத்தி. ‘மேற்படி சொத்து தாழ்வான இடம் அல்ல, நீர் தேங்குவதில்லை, சுகாதாரக் கேடு எதுவும் இல்லை.’

சட்டத்தின் 3ஆவது பிரிவு ஓர் இடத்தைக் குடிசைப் பகுதி என்று சொல்லச் சில அடையாளங்களை வைத்திருக்கிறது. தாழ்வாக இருப்பது, சுகாதாரம் இல்லாமல் இருப்பது, நெரிசல், இப்படி. நம் வக்கீல் தாழ்வை மறுத்தால் போதும் என்று நினைத்திருக்கிறார். அவரை ஐப்பசி மாதம் ஒரு நாள் இங்கே கூட்டிவரச் சொல்லுங்கள்.

நான் போன ஐப்பசியில் போயிருந்தேன். கொத்தனார் பேத்தி வீட்டுக்கு. அவரும் கொத்தனார் வேலைதான் பார்க்கிறார், ஆத்தங்குடிக் கல் பதிப்பதில் கைதேர்ந்தவர். வீட்டுக்குள் கிரைண்டர் இரண்டு ஹாலோ பிளாக் கல்மேல் நிற்கிறது. அரிசி டிரம் பரணில். கட்டிலின் நாலு காலுக்கும் கீழே உடைந்த ஆத்தங்குடிக் கல், ஒவ்வொன்றும் வேறு வேறு பூ. வாசல் நிலைக்குப் பக்கத்துச் சுவரில் கரிக்கோடுகள். குழந்தையின் உயரம் குறித்திருக்கிறார்கள் போல என்று நினைத்தேன். தண்ணீர் ஏறின உயரமாம். மேல்கோடு என் முழங்காலுக்கு ஒரு சாண் மேலே இருந்தது. “கழிப்பறைத் தொட்டியும் சேர்ந்து ரொம்பிரும் ஐயா. புள்ளைங்கள தூக்கிட்டுப் பள்ளிக்கூடத்துக்குப் போயிருவோம்” என்றார். குற்றம் சொல்லும் குரல் இல்லை. பஸ் நேரம் சொல்வது போலச் சொன்னார்.

அந்தத் தண்ணீர் ஏன் அங்கே வருகிறது என்பது நம் எல்லோருக்கும் தெரிய வேண்டும். முன்னே கண்மாய்ப் பக்கமிருந்து வரும் மழைநீர் நம் பின்கட்டை ஒட்டி ஓடி ஊருணிக்குள் விழும். அந்த வரத்துக்காலில் நாமெல்லாம் காகிதக் கப்பல் விட்டிருக்கிறோம். 1987இல் பெரியப்பச்சி வீட்டுக் கல்யாணம் வந்தது. நாற்பது கார் வரும், நிறுத்த இடம் வேண்டும் என்றார்கள். வரத்துக்காலை மண்ணடித்துத் தூர்த்து, மேடாக்கி, சுற்றுச்சுவர் எழுப்பினோம். அறுபது லோடு மண். லாரிக்காரரின் சீட்டில் லோடு எண்ணிக் கையெழுத்துப் போட்டவன் நான். கல்யாணம் நன்றாக நடந்தது. இருபத்தேழு கார்தான் வந்தது. அந்த வருஷத்து மழையிலிருந்து தண்ணீர் ஊருணிக்குப் போகவில்லை, சுவரில் மோதித் திரும்பித் தோட்டத்து மனைக்குள் போனது. ஊருணி வற்றிக் கிடக்க, அதற்குப் பத்தடி கீழ்ப்புறம் வீடுகள் முழுகின.

கொத்தனார் பேத்தியும் அதைத்தான் கேட்டார். “உங்க வீட்டுக் காரு நனையக் கூடாதுன்னு மேடாக்குனீங்க. அந்தத் தண்ணி எங்கிட்டுப் போகும்?” நான் பதில் சொல்லவில்லை. காப்பி கொடுத்தார், குடித்துவிட்டு வந்தேன்.

தாழ்வான இடம் இல்லை என்று நான் எப்படிச் சத்தியம் செய்து அஃபிடவிட் கொடுப்பது? அந்த இடத்தைத் தாழ்வாக்கியவர்களே நாம்தானே.

சட்டத்தைப் படிக்கும்போதே ஒரு பிரிவு என்னை உறுத்தியது. ஒரு கட்டடம் மனிதர் குடியிருக்கத் தகுதியற்றதா என்று தீர்மானிக்க எதையெல்லாம் பார்க்க வேண்டும் என்று அதே சட்டம் சொல்கிறது: பழுது, உறுதி, ஈரக்கசிவு, வெளிச்சமும் காற்றும், தண்ணீர், வடிகால், கழிப்பிடம், சமைக்க வசதி. சும்மா ஒரு வேடிக்கைக்கு நம் பெரிய வீட்டை அந்தக் கணக்கில் நிறுத்திப் பார்த்தேன். இரண்டாங்கட்டில் எட்டு அறை பூட்டிக் கிடக்கிறது, சாவி எட்டு ஊரில். உள்ளே வௌவால். வளவுத் தூணில் ஈரம் ஏறி, முட்டைச் சுண்ணாம்புப் பூச்சு பாலாடை மாதிரி உரிகிறது. மூன்றாங்கட்டின் மேற்குச் சுவரில் என் உள்ளங்கை நுழையும் அளவு வெடிப்பு. கிணற்றங்கரைக் கழிப்பிடத்தின் கூரை இரண்டு வருஷத்துக்கு முன்னால் இறங்கிவிட்டது. செட்டிநாட்டு ஊர்கள் 2014இல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலில் ஏறியதை ஆறு மாதத்துக்கு ஒருமுறை யாராவது குழுவில் போட்டு மார்தட்டிக்கொள்கிறீர்கள். 1971ஆம் வருஷத்துச் சட்டத்தின்படி பார்த்தால் ஊருணிக்கு மேல்புறம் இருக்கும் நம் வீடும் குடிசைப் பட்டியலில்தான் ஏறும். தோட்டத்து மனையில் ஒரு வீடுகூடப் பூட்டிக் கிடக்கவில்லை.

மும்பை அண்ணனுக்குத் தனியாகக் கொஞ்சம். ‘ஓனருக்குத்தான் முதல் உரிமை என்று சுப்ரீம் கோர்ட்டே 2025 ஆகஸ்டில் சொல்லிவிட்டது’ என்று எழுதியிருந்தீர்கள். சரிதான், மும்பை குர்லா நிலத்து வழக்கு. ஆனால் அது மராட்டியத்துச் சட்டம். அதுவும் 1971தான், நம்முடையதும் 1971தான், அண்ணன் தம்பி மாதிரி. வளர்ந்த விதம் வேறு. அங்கே 1995இல் அதற்கென்றே ஓர் ஆணையம் வைத்து, பில்டரைக் கொண்டு கட்டி, குடியிருந்தவர்களுக்கு அங்கேயே வீடு கொடுத்து, மிச்ச இடத்தை விற்றுக்கொள்ளும் ஏற்பாடு. முதல் உரிமை என்று கோர்ட் சொன்னது அந்த மறுகட்டுமானத்தை முதலில் செய்யும் உரிமையை. குடியிருப்பவர்களைக் கிளப்பிவிட்டு ரிசார்ட் கட்டும் உரிமையை இல்லை. அந்த வழியும் எவ்வளவு வேகம் என்று பாருங்கள். 2024 ஜூலையில் இன்னொரு வழக்கைத் தீர்க்கும்போது சுப்ரீம் கோர்ட்டே எண்ணிச் சொன்னது: அந்த ஒரு சட்டத்தின் கீழ் மட்டும் பம்பாய் ஹைகோர்ட்டில் நிலுவையில் 1,612 வழக்கு, அதில் 135 பத்து வருஷத்துக்கு மேற்பட்டவை. சட்டம் எப்படி நடக்கிறது என்று தணிக்கை செய்யவே ஹைகோர்ட்டைக் கேட்டுக்கொண்டது. நமக்குப் பாகப்பிரிவினைக் கேஸ் ஒன்றே பத்தொன்பது வருஷமாக ஓடுகிறது. அதைத் தொடங்கிய மூன்று பேரில் இரண்டு பேர் இப்போது போட்டோவில் இருக்கிறார்கள்.

ரிசார்ட் என்ற சொல்லை நானாக இழுக்கவில்லை. நம்மில் நாலு பேர் இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு புரோமோட்டரிடம் ஒப்பந்தம் போட்டு முன்பணம் வாங்கியது எனக்குத் தெரியும். மற்றவர்களுக்கும் தெரியட்டும். அவருக்கு வேண்டியது காலி மனை. குடிசைப் பகுதி என்று அறிவிப்பு வந்தால் 29ஆவது பிரிவு குறுக்கே வரும். குடியிருப்பவரை வெளியேற்ற வழக்குப் போடவோ, கிடைத்த தீர்ப்பை நிறைவேற்றவோ அதிகாரியின் அனுமதி வேண்டும். அனுமதி கொடுக்கும் முன் அவர்கள் சக்திக்கு ஏற்ற வேறு இடம் இருக்கிறதா என்று அவர் பார்க்க வேண்டும். நம் ரிட் மனுவின் 22 பக்கமும் இந்த ஒரு பிரிவுக்குப் பயந்து எழுதியதுதான். ஆனால் 22 பக்கத்தில் அந்தப் பிரிவின் எண் ஓர் இடத்தில்கூட இல்லை.

இவ்வளவு சொன்னதால் நோட்டீஸ் ஒட்டிப் போனவர்களுக்கு நான் வக்காலத்து வாங்குவதாக நினைக்க வேண்டாம். அவர்களிடமும் எனக்குச் சண்டை இருக்கிறது. நாற்பத்தொரு வீட்டை முப்பத்துநாலு என்று எழுதியிருக்கிறார்கள். நம் பழைய மாட்டுக்கொட்டிலை ஒரு குடும்பமாக எண்ணியிருக்கிறார்கள். (அங்கே இப்போது இருப்பது ஒரு தாய்ப்பூனை.) ஊருணிக் கரையின் சர்வே எண்ணையும் சேர்த்திருக்கிறார்கள், அது நமதும் இல்லை, அவர்களதும் இல்லை, ஊருக்குப் பொது. வரைபடம் கேட்டேன், பிறகு வாருங்கள் என்றார்கள். பிறகு போனேன். ‘பிறகு’ இன்னும் வரவில்லை.

குடியிருப்பவர்களுக்கும் இதில் முழுச் சந்தோஷம் என்று நினைக்காதீர்கள். முதல் வருத்தம் அந்தச் சொல்லில். ஒரு கூரைவீடுகூட இல்லை, எல்லாம் ஓடும் தகரமும், நாலைந்து கான்கிரீட்டும். “குடிசைன்னு பேப்பர்ல போட்டா பொண்ணு கேட்டு வர்றவுக என்ன நெனைப்பாக?” என்று வண்டிக்காரர் வீட்டு அம்மா கேட்டார். நியாயம். இதைக் கவனிக்கும் அரசு வாரியமே 2021இல் குடிசை மாற்று வாரியம் என்ற பெயரை நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று மாற்றிக்கொண்டது. சட்டத்தில் இருக்கும் சொல் மட்டும் அப்படியே நிற்கிறது.

இன்னொரு பயம் பெரியது. 1970இல் கலைஞர் காலத்தில் அந்த வாரியம் தொடங்கியபோது, குடிசை இருந்த இடத்திலேயே மாடி வீடு என்பதுதான் பேச்சு. சென்னையில் 1971இல் 1,202 இடங்களை அறிவித்தார்கள், 1985இல் இன்னும் 17. அறிவிக்காத இடங்களுக்கு 29ஆவது பிரிவின் நிழல்கூட இல்லை. ஆற்றங்கரையோரம் இருந்தவர்கள் எத்தனையோ பேர் ஊருக்கு வெளியே கண்ணகி நகருக்கும் பெரும்பாக்கத்துக்கும் போனார்கள். ஆசாரி வீட்டுத் தம்பியின் மச்சான் குடும்பம் அப்படிப் போனது. வீடு கிடைத்தது, வேலை இருபது கிலோமீட்டருக்கு அந்தப் பக்கம் நின்றுவிட்டது. நம்மையும் மானாமதுரை ரோட்டில் எங்கேயாவது கொண்டுபோய் இறக்கிவிடுவார்களோ என்று கேட்கிறார்கள். சட்டத்திலேயே இரண்டு படி இருக்கிறது. 3ஆவது பிரிவில் அறிவித்துவிட்டு, இருக்கிற இடத்திலேயே வடிகால், தண்ணீர், கழிப்பறை, பாதை என்று மேம்படுத்தலாம். 11ஆவது பிரிவுக்குப் போனால் மொத்தமாக இடித்து அகற்றும் பகுதி. நோட்டீஸில் முதல் படி மட்டும்தான் இருக்கிறது. இரண்டாவதுக்கு ஏறாமல் பார்த்துக்கொள்ள வேண்டுமென்றால் 23ஆம் தேதி யாராவது அங்கே போய் வாயைத் திறக்க வேண்டும். சொந்தக்காரர் திறந்தால் இன்னும் நல்லது.

சரி, நிலக் கணக்கைப் பார்ப்போம். தோட்டத்து மனை மொத்தம் 62 சென்ட். வீடுகள் நிற்பது சுமார் 40 சென்டில். ரோட்டை ஒட்டி 22 சென்ட் காலி, கருவேலம் முளைத்துக் கிடக்கிறது. பாகப்பிரிவினைக் கேஸில் இன்றைய தேதிக்கு உரிமை கோரி இருப்பவர்கள் 47 பேர். 1989இல் தமிழ்நாடு பெண்பிள்ளைகளுக்கும் சம பங்கு கொடுத்தது, அப்புறம் 2005இல் நாடு முழுக்க வந்தது. அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை, என் தங்கச்சிக்கும் உண்டு. ஆனால் வகுத்துப் பாருங்கள். எல்லாக் கேஸையும் ஜெயித்து, எல்லோரையும் காலி செய்து, 62 சென்டும் கையில் வந்தாலும் ஒருவருக்கு ஒன்றேகால் சென்டுக்குக் கொஞ்சம் மேல். தோட்டத்து மனையில் இன்றைக்கு ஒரு குடும்பம் இருப்பது ஒரு சென்டில். கிட்டத்தட்ட அதே அளவு. அவர்கள் அதில் சமைத்து, தூங்கி, பிள்ளைகளைப் படிக்க வைக்கிறார்கள். நமக்கு அது பத்திரத்தில் ஒரு வரி.

என் யோசனை இது. 23ஆம் தேதி ரிட் இல்லாமல் போவோம். வீடுகள் நிற்கும் 40 சென்டை மட்டும் அறிவியுங்கள், ரோட்டோர 22 சென்டையும் ஊருணிக் கரையையும் நீக்குங்கள் என்று ஆட்சேபம் கொடுப்போம். அந்த 40 சென்டை எடுப்பதானால் சட்டப்படி உள்ள தொகை நமக்கு வரட்டும், விட்டுக்கொடுக்கச் சொல்லவில்லை. இதே நாற்பத்தொரு குடும்பத்துக்கு இதே இடத்தில் என்று எழுத்தில் கேட்போம். கணக்கெடுப்பை மறுபடி, அவர்களையும் நம்மையும் வைத்துக்கொண்டு எடுக்கச் சொல்வோம். ரோட்டோர 22 சென்டை விற்றால் பாகப்பிரிவினைக் கேஸை ராஜியில் முடிக்க அது போதும். மிச்சத்தில் வளவு ஓடும் மாற்றலாம். புரோமோட்டரின் முன்பணத்தை வாங்கிய நாலு பேரே திருப்பிக் கொடுத்துவிடட்டும். 1987 சுற்றுச்சுவரில் பன்னிரண்டடி இடித்து வரத்துக்காலைத் திறப்பதற்கு எந்த அலுவலகத்தின் உத்தரவும் வேண்டாம், நமக்குள் சம்மதம் போதும். ஜேசிபிக்கு ஒரு நாள் வாடகை நான் தருகிறேன். மண் எண்ணின பாவத்துக்கு அது என் செலவாக இருக்கட்டும்.

சிலருக்குக் கோபம் வரும். பெரிய வீட்டு மானத்தைச் சந்தியில் வைத்துவிட்டான் என்பீர்கள். படைப்புக்கு வரும்போது முகத்துக்கு நேரே திட்டுங்கள், கேட்டுக்கொள்கிறேன். வந்தால் போதும்.

கடைசியாக ஓர் அவசர வேலை. 1938ஆம் வருஷத்துக் கிரயப் பத்திரமும் பழைய மனை வரைபடமும் பட்டகசாலைக் கூடத்து இரும்புப் பெட்டியில் இருக்கின்றன. அதற்கு மூன்று சாவி, உங்களுக்கே தெரியும். ஒன்று என்னிடம். இன்னொன்றைக் கோலாலம்பூர் ஆச்சி போன வாரம் கூரியரில் அனுப்பி வைத்தார்கள், வந்து சேர்ந்தது. மூன்றாவது யாரிடம் இருக்கிறதென்று மூன்று நாளாகக் கேட்கிறேன். பித்தளைச் சாவி, தலையில் யானை. யாரிடம் இருந்தாலும் 20ஆம் தேதிக்குள் அனுப்பி வையுங்கள். கிடைக்காவிட்டால் ஆசாரி வீட்டுத் தம்பியைக் கூப்பிட்டுத் திறக்கச் சொல்லியிருக்கிறேன். அவருடைய ஐயாதான் அந்தப் பெட்டியைச் சுவரில் பதித்தவராம், எந்தப் பக்கம் கழற்ற வேண்டும் என்று தனக்குத் தெரியும் என்கிறார்.

அன்புடன்,
பெரிய வீட்டுக் காவலுக்கு இருக்கும் உங்கள் பங்காளி